மாத்திரை போடாமல் இறங்கிய கொழுப்பு

நடந்தவை, வரிசையாக:

1. போன வருடம் அப்பாவுக்கு இரத்தத்தில் கொலஸ்ட்ரால் அதிகம் என்று வந்தது. கள்ளக்குறிச்சியில் நாங்கள் வழக்கமாகப் பார்க்கும் டாக்டர், இரவில் போட்டுக்கொள்ள ஒரு மாத்திரை எழுதிக் கொடுத்தார்.

2. ஓசூரில் அண்ணனுக்குக் குழந்தை பிறந்தது. பார்த்துக்கொள்ள அம்மா போனார். மூன்று மாதம் என்று சொல்லிப் போனவர் இன்னும் அங்கேதான் இருக்கிறார்.

3. எனக்கு வீட்டிலிருந்து பார்க்கும் வேலை கிடைத்தது. எங்கள் ஊரில் இணையம் நிலையாக நிற்காது. கள்ளக்குறிச்சியில் ஒரு மாடி அறையை வாடகைக்கு எடுத்தேன்.

4. மணலூர்பேட்டைக்குப் பக்கத்தில், கரும்புக்கொல்லை ஓரத்தில் இருக்கும் எங்கள் வீட்டில் அப்பா மட்டும் மிஞ்சினார்.

5. இந்த வருடப் பரிசோதனையில் அவருடைய கொலஸ்ட்ரால் தொண்ணூற்றாறு.

6. எல்லோரும் சந்தோஷப்பட்டார்கள்.

என் வேலைக்கு மெடிக்கல் கோடிங் என்று பெயர். வெளிநாட்டு மருத்துவமனைகளில் டாக்டர்கள் எழுதிய குறிப்புகளைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் அதற்குரிய குறியீட்டைப் போட வேண்டும். காப்பீட்டுக் கம்பெனி அந்தக் குறியீட்டைப் பார்த்துத்தான் பணம் தரும். காலையில் உட்கார்ந்தால் மதியம் வரை எழுந்திருக்க முடியாது. யாரென்று தெரியாத ஒருவருக்குப் பித்தப்பை எப்போது எடுத்தார்கள், எந்த ஊசி ஒத்துக்கொள்ளவில்லை என்பதெல்லாம் எனக்குத் தெரியும். அவர் அடுத்த மாதம் எப்படி இருந்தார் என்பது தெரியாது. அந்தக் குறிப்பை மூடினால் அவர் போய்விடுவார். அறையில் மின்விசிறி ஓடும். கீழே ஜெராக்ஸ் கடையில் யாராவது பேசிக்கொண்டிருப்பார்கள். பல நாட்களில் நான் வாய்விட்டுப் பேசும் முதல் வார்த்தை சாயங்காலம் அப்பாவுக்கு போன் செய்யும்போது சொல்லும் “மாத்திரை?” என்பதாகவே இருக்கும்.

“போட்டாச்சி.”

“சாப்பாடு?”

“ஆச்சி.”

“வேற?”

“வேற இன்னா. கரும்புக்குத் தண்ணி வுட்டேன்.”

இவ்வளவுதான். இரண்டு பேருக்குமே போனில் பேச வராது. அந்த மாத்திரை இல்லாவிட்டால் எதை வைத்து ஆரம்பித்திருப்போம் என்று தெரியவில்லை.

பரிசோதனைச் சீட்டை அப்பா போட்டோ எடுத்து அனுப்பினார். கூடவே குரல் பதிவு. “பாப்பா, தொண்ணூத்தாறு. இருநூறு தாண்டக்கூடாதுன்னு போட்டுருக்கான். நான் பாதிகூட வரல. டாக்டரு பாத்துட்டு, மாத்திர நல்லா வேல செய்யிது, அப்படியே போடுங்கன்னாரு.”

போட்டோ கலங்கலாக இருந்தது. இன்னொன்று அனுப்பச் சொன்னேன். அதுவும் கலங்கலாகவே வந்தது. போன் பழசு என்று நினைத்துக்கொண்டேன். சீட்டைப் பிடித்திருந்த கை மட்டும் ஓரளவு தெரிந்தது. எப்போதும் மணிக்கட்டில் இறுக்கமாக இருக்கும் கடிகாரம் இப்போது உள்ளங்கைப் பக்கம் சரிந்து தொங்கியது.

அந்தச் சீட்டில் மேல் எல்லை மட்டுமே அச்சாகியிருந்தது. இருநூறுக்குக் கீழே இருந்தால் ‘விரும்பத்தக்கது’. கீழ் எல்லை என்று எதுவும் இல்லை. எவ்வளவு இறங்கினாலும் அந்தக் காகிதம் விரும்பத்தக்கது என்றுதான் சொல்லும்.

இதற்கு மருத்துவத்தில் ஒரு சொல் உண்டு: ஹைப்போகொலஸ்ட்ரோலீமியா. ‘ஹைப்போ’ என்பது குறைவு. கடைசியில் வரும் ‘ஈமியா’ இரத்தத்தைக் குறிக்கும். இரத்தத்தில் கொலஸ்ட்ரால் இருக்க வேண்டிய அளவைவிடக் குறைந்திருக்கிறது, அவ்வளவுதான் பொருள். ஏன் குறைந்தது என்பதை அந்தச் சொல் சொல்லாது. சிலருக்குப் பிறவியிலேயே அப்படி இருக்கும், ஒன்றும் செய்யாது. சிலருக்குச் சாப்பாடு உடம்பில் சேராமல் இருக்கும். கல்லீரல், தைராய்டு, உள்ளே மறைந்திருக்கும் வேறு ஏதாவது என்று காரணங்கள் பல. நான் படிக்கும் கோப்புகளில் அதிகக் கொழுப்பு தினமும் வரும். குறைந்த கொழுப்பு அபூர்வம்.

அந்தச் சொல்லைக் கையாளுவதற்குப் பயிற்சியில் சில விதிகள் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். எண் எவ்வளவு குறைவாக இருந்தாலும், டாக்டர் தன் கையால் அந்தச் சொல்லை எழுதாதவரை நாங்கள் குறியீடு போடக் கூடாது. அதிகக் கொழுப்புக்கு மாத்திரை சாப்பிட்டு எண் இறங்கியிருந்தால் அவர் இன்னமும் அதிகக் கொழுப்புக்காரர்தான். மாத்திரை அவரைப் பிடித்து வைத்திருக்கிறது என்று கணக்கு. சந்தேகம் இருந்தால் டாக்டருக்குக் கேள்வி அனுப்பலாம். ஆனால் ‘இதுதானே?’ என்று கேட்கக் கூடாது. தெரிந்ததை வரிசையாக வைத்துவிட்டு, நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று நிறுத்திக்கொள்ள வேண்டும்.

அப்பா அதிகக் கொழுப்புக்காரர். மாத்திரை சாப்பிடுகிறார். எண் இறங்கியிருக்கிறது. விதிப்படி எல்லாம் சரி. ஆனால் அவர் போட்டது சிறிய அளவு மாத்திரை. அதற்கு இவ்வளவு இறங்குமா என்பதும் அந்தக் கடிகாரமும் மனதில் மாறி மாறி வந்தன. ஞாயிற்றுக்கிழமை பஸ் ஏறினேன்.

ஊர் நிறுத்தத்தில் இறங்கியபோது அப்பா டீக்கடை பெஞ்சில் இருந்தார். தோளில் நிற்காத சட்டை. அது அவருடைய சட்டைதானா என்று காலரைப் பார்த்தேன். அவருடையதுதான்.

“வாம்மா,” என்றார் டீக்கடைக்காரர். “உங்கப்பா இப்ப வைத்தியரு. பீஸு ஒண்ணுதான் வாங்கல.”

“எதுக்கு வைத்தியரு?”

பக்கத்துக் கொல்லைக்காரர், அப்பாவின் கூட்டாளி, பதில் சொன்னார். “கடுக்காய்ப் பொடிம்மா. வெறும் வயித்துல ஒரு ஸ்பூனு. தொண்ணூத்தாறுக்கு வந்துட்டாரு. எனக்கும் வாங்கியாந்து குடுத்தாரு. எனக்குதான் கொழுப்பு எறங்க மாட்டுது.”

“உனக்கு அது ரத்தத்துல இல்லய்யா, வாயில கீது,” என்றார் டீக்கடைக்காரர்.

எல்லோரும் சிரித்தார்கள். அப்பாவும் சிரித்தார். பெஞ்சில் நாலு பேர் தன் பக்கம் திரும்பி உட்கார்ந்திருப்பது அவருக்குப் பிடித்திருந்தது. அம்மா ஓசூருக்குப் போன பிறகு அவர் முகத்தில் அந்தச் சந்தோஷத்தை நான் பார்க்கவில்லை. கடுக்காய்ப் பொடி பற்றி என்னிடம் ஒருநாளும் சொன்னதில்லை.

வீட்டுக்கு நடக்கும்போது இரண்டு இடத்தில் நின்றார். கொல்லையைப் பார்ப்பது போல நின்றார். மூச்சு வாங்கியது.

சமையலறையில் ஒரு சட்டியில் சோறு, ஒரு கிண்ணத்தில் ஊறுகாய். அலமாரியில் பொடி டப்பா. கதவுக்குப் பின்னால் ஆணியில் மருந்துக்கடை கவர் தொங்கியது. எடுத்துக் கட்டிலில் கொட்டினேன். அட்டை அட்டையாக மாத்திரைகள், பிரிக்காமல்.

“இது என்னாப்பா?”

“மாத்திர.”

“மாத்திரைன்னு தெரியுது.”

“மொதல்ல ரெண்டு அட்ட போட்டேன். காலு கடுகடுன்னு கடுத்துது. வுட்டுட்டேன்.”

“தெனம் போட்டாச்சி போட்டாச்சின்னு சொன்னியே?”

அவர் அட்டைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினார். “போடலன்னு சொன்னா நீ திட்டுவ. திட்டிட்டு போனை வச்சிடுவ.”

அவரே தொடர்ந்தார்.

“அன்னிக்கு உன்னப் பாக்க வந்தன் இல்ல, கள்ளக்குறிச்சிக்கு? மத்தியானம்தான் எழுந்திரிக்க முடியும்னு சொன்ன. சரின்னு பஸ் ஸ்டாண்டுல குந்திக்கினு இருந்தேன். மலையிலேர்ந்து ஒருத்தரு மூட்டையோட வந்து பக்கத்துல குந்தினாரு. கல்வராயன் மலைக் கடுக்காயாம். நீ வர்ற வரைக்கும் பேசிக்கினு இருந்தோம். நல்ல மனுசன். அவருகிட்ட வாங்கினதுதான்.”

“மாத்திரையே போடல. அப்புறம் எப்படி இறங்கிச்சி?”

“அதான் பொடி.”

“அப்பா, நீ எவ்ளோ எளைச்சிருக்க தெரியுமா?”

“கொழுப்பு எறங்கினா எளைக்காம இன்னா பண்ணும்? கம்மியா இருந்தா நல்லதுன்னு டாக்டரே சொன்னாரு.”

“அவரு மாத்திரை போட்டு இறங்கிச்சின்னு நெனச்சி சொன்னாரு. போடாமயே இறங்கிச்சின்னு தெரிஞ்சா அப்படி சொல்ல மாட்டாரு.”

அப்பா அட்டைகளைக் கவருக்குள் திரும்பப் போட்டார். பிறகு, “போடலன்னு அவருகிட்ட சொல்லணும்ன்ற,” என்றார்.

“ஆமா.”

“உங்கம்மாகிட்ட சொல்லாத. அது கொழந்தைய வுட்டுட்டு ஓடியாந்துடும்.”

மறுநாள் அரை நாள் விடுப்பு எடுத்தேன். இருவரும் ஒரே பஸ்ஸில் கள்ளக்குறிச்சிக்கு வந்தோம். அவர் ஜன்னல் ஓரம். வழி முழுக்க வெளியே பார்த்துக்கொண்டு வந்தார்.

டாக்டரிடம் தெரிந்ததை வரிசையாகச் சொன்னேன். எடை குறைந்திருக்கிறது. நடந்தால் மூச்சு வாங்குகிறது. தூக்கம் இல்லை, இதை அப்பா பஸ்ஸில் சொன்னார். கொலஸ்ட்ரால் தொண்ணூற்றாறு. அதற்கு மேல் நான் சொல்லவில்லை. மாத்திரைக் கவர் என் பையில் இருந்தது. அதை நானே எடுத்து மேஜையில் போட்டிருக்கலாம். ஆனால் அதைச் சொல்ல வேண்டியவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

டாக்டர் அப்பாவைப் பார்த்தார். “மாத்திரை ஒழுங்கா போடறீங்களா?”

“போட்டுக்கினுதான் இருக்கிறேன் சார்,” என்றார் அப்பா.

டாக்டர் தலையாட்டிவிட்டுப் பேனாவைத் திறந்தார். அடுத்து என்ன எழுதுவார் என்று எனக்குத் தெரியும். மாத்திரை வேலை செய்கிறது, தொடரவும். அதை எழுதிவிட்டால் அப்பா மறுபடி ஒரு வருடம் யாரும் கேட்காமல் இளைத்துக்கொண்டே போவார். பையின் ஜிப்பில் கை வைத்தேன்.

“இல்ல சார்,” என்றார் அப்பா. மேஜையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். “போடல. காலு கடுத்துது, நிறுத்திட்டேன். ரொம்ப நாளாவுது. பாப்பாகிட்டயும் பொய்தான் சொல்லிக்கினு இருந்தேன்.”

டாக்டர் பேனாவை மூடினார். கோபப்படவில்லை. சீட்டைத் திரும்ப எடுத்து அந்த எண்ணைப் பார்த்தார். பிறகு, “ரெண்டு கையையும் முன்னாடி நீட்டுங்க. வெரலை விரிங்க,” என்றார். அப்பா நீட்டினார். டாக்டர் அந்த விரல்களின் மேல் ஒரு வெள்ளைத்தாளை வைத்தார். தாள் படபடத்தது. டாக்டர் எழுந்து போய் மின்விசிறியை நிறுத்திவிட்டு வந்தார். விசிறி நின்ற பிறகும் தாள் படபடத்துக்கொண்டே இருந்தது.

அப்போதுதான் அந்தக் கலங்கலான போட்டோக்கள் எனக்கு விளங்கின.

டாக்டர் போன தடவை எழுதியதை ஒரு கோட்டால் அடித்துவிட்டு, கீழே ஹைப்போகொலஸ்ட்ரோலீமியா என்று எழுதினார். அதற்கு அடுத்த வரியில் தைராய்டு பரிசோதனை.

“இன்னா சார் எழுதினீங்க?” என்று கேட்டார் அப்பா.

“கொலஸ்ட்ரால் கம்மின்னு.”

“அதான் ஊருக்கே தெரியுமே சார்.”

“போன தடவை நல்லதுன்னு எழுதியிருந்தேன். இப்ப கம்மின்னு எழுதறேன். உள்ள ஏதாவது நோய் இருக்கலாம்.”

அப்பா கொஞ்சம் யோசித்தார். “அப்ப கடுக்காய்?”

“அதனால இவ்வளவு இறங்காதுங்க.”

அதைக் கேட்டுத்தான் அவர் முகம் விழுந்தது. நோய் இருக்கலாம் என்றபோதுகூட அப்படி விழவில்லை.

பரிசோதனை முடிவு வந்தது. தைராய்டு அதிகமாகச் சுரக்கிறது. உடம்பு தன்னிடம் இருப்பதை வேகமாக எரித்துக்கொண்டிருந்திருக்கிறது. எடையும் தூக்கமும் கொலஸ்ட்ராலும் அதில்தான் போயிருக்கின்றன. குணப்படுத்தக் கூடியது என்றார் டாக்டர். இதயத் துடிப்பைக் கவனிக்க வேண்டும் என்றும் சொன்னார்.

டீக்கடையில் அப்பாவே போய்ச் சொல்லிவிட்டாராம். கூட்டாளி, “அப்ப நான் இவ்ளோ நாளு கசப்ப முழுங்கினது வீணா?” என்று கேட்டாராம். பெஞ்சில் இப்போது யாரும் அவர் பக்கம் திரும்பி உட்காருவதில்லை. இதை அவர் சொல்லவில்லை. போனில் டீக்கடை பற்றிய பேச்சு குறைந்துவிட்டதிலிருந்து நானாகப் புரிந்துகொண்டது.

நேற்று சாயங்காலம், “மாத்திரை?” என்று கேட்டேன்.

“இன்னும் போடல. மறந்துட்டேன்.”

“சரி, இப்ப போடு. நான் லைன்லயே இருக்கேன்.”

டம்ளர் வைக்கும் சத்தம், அட்டை பிரியும் சத்தம், தண்ணீர் குடிக்கும் சத்தம். வேலை முடிந்து மொட்டைமாடியில் நின்றிருந்தேன். மேற்கே மலை கருத்துக்கொண்டு வந்தது. மாத்திரை போட்ட பிறகும் அவர் போனை வைக்கவில்லை. நானும் வைக்கவில்லை. எங்கள் கொல்லையில் மோட்டார் ஓடுவது அந்தப் பக்கத்திலிருந்து கேட்டுக்கொண்டிருந்தது.

இன்றைய நிலை இது. அப்பா தைராய்டு மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறார். கை நடுக்கம் குறைந்திருக்கிறது. கொலஸ்ட்ரால் இன்னும் நூறைத் தாண்டவில்லை. எடையும் ஏறவில்லை. அடுத்த பரிசோதனை வரும் மாதம். அம்மாவிடம் சொல்லிவிட்டோம். குழந்தைக்கு மொட்டை அடித்ததும் வருவதாகச் சொல்லியிருக்கிறார், தேதி சொல்லவில்லை. அப்பா ஊரில் தனியாக இருக்கிறார். நான் இங்கே மாடி அறையில் இருக்கிறேன்.