மாமாவின் முதல் வசனம்

மாமாவின் பேண்டு வாசிக்காத கல்யாணம் கல்யாணமே இல்லை என்று எங்கள் வீட்டில் எல்லோரும் நம்பினோம். தாம்பரத்தில் மற்றவர்களும் அப்படி நம்பினார்களா என்பது வேறு விஷயம்.

அம்மாவின் தம்பியான அவருக்குப் பல்லாவரத்தில் தோல் பதனிடும் ஷாப்பில் வேலை. ஞாயிற்றுக்கிழமையானால் மினுமினுக்கும் சட்டை போட்டுக்கொண்டு ஆறு பேருக்குத் தலைவராகிவிடுவார். ரயில்வே காலனி ஆங்கிலோ இந்திய வீடுகளில் ரெக்கார்டு கேட்டு அவர் பிடித்துக்கொண்ட பாட்டு வகைக்கு ஃபங்க் என்று பெயர். அதைத் தமிழ்ச் சொற்களில் ஆடிக்கொண்டே பாடுவார். தாளத்தின் முதல் அடியில் டிரம்ஸ், கிதார், குரல் எல்லாம் ஒன்றாக ஓங்கி இறங்க வேண்டும். "முத அடிய வுட்டா வண்டி போச்சுடா" என்று பசங்களை அதட்டுவார்.

ஒரு கல்யாணத்தில் அவரைப் பார்த்த சினிமாக்காரர், கிளப் காட்சியில் பேண்டு தலைவராக நடிக்கக் கூப்பிட்டார். பாட்டோடு ஒரு வசனமும் உண்டு. பாட்டுக்கு மாமா பயப்படவில்லை. வசனம் எழுதிய காகிதத்துக்குத்தான் பயந்தார். அவருக்குப் படிக்கத் தெரியாது. தெரியாது என்று தெரிந்தால் வேறு ஆளைப் போட்டுவிடுவார்களே!

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பள்ளிக்கூடம் போனவள் நான். அப்போது நாலாம் வகுப்பு.

"டீச்சர், இதுல இன்னா எழுதிகீது?" என்று காகிதத்தை என்னிடம் நீட்டினார்.

'பயந்து, ஓரடி பின்னால் போய்' என்பதற்குக் கீழே கோடு போட்டிருந்தது. அதற்கப்புறம், 'முதலாளி இன்னும் வரலை சார். உட்காருங்க, ஒரு பாட்டு கேளுங்க.' கோடு போட்ட சொற்களை அழுத்திப் படிக்க வேண்டும் என்று பள்ளியில் சொல்லியிருந்தார்கள். அப்படியே படித்துக் காட்டினேன். மாமா தொடையில் தாளம் போட்டு மனப்பாடம் செய்தார். முதல் அடி சரியாகப் 'பயந்து' மேல் விழுந்தது.

"இன்னும் சத்தமா மாமா."

அம்மாவால் பொறுக்க முடியவில்லை. "இன்னாடா, காலைலேந்து பயந்து பயந்துன்னு கத்திகினு கீற? யாருக்குடா பயம்?"

"சினிமா வசனம்க்கா. உனுக்குப் புரியாது."

மறந்துபோனால் படித்துச் சொல்ல ஆள் வேண்டுமென்று ஸ்டுடியோவுக்கு என்னையும் அழைத்துப் போனார். நான் ஓர் ஓரமாக ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். இன்ஸ்பெக்டர் வேஷக்காரர் நுழைந்து, "எங்கடா உன் முதலாளி?" என்று உறுமினார். மாமா தரையில் ஓங்கி மிதித்தார்.

"பயந்து! ஓரடி பின்னால் போய்! முதலாளி இன்னும் வரலை சார்!"

செட்டே சிரித்தது. நான் அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன்.

டைரக்டர் மட்டும் சிரிக்கவில்லை. "யாருய்யா உனக்கு இப்படிச் சொல்லிக்குடுத்தது?"

நான் கையைத் தூக்கிக்கொண்டு எழுந்தேன். மாமா என்னைப் பார்த்தார். நான் வாயைத் திறப்பதற்குள், "நானேதான் சார். எல்லாரும் உம்முனு கீறாங்களேன்னு ஒரு தமாஷு" என்றார்.

"உன் தமாஷுக்கு என் ஃபிலிம்தான் கிடைச்சுதா? ஒழுங்கா பண்ணு."

அடுத்த தடவை மாமா மிரண்டு ஓரடி பின்வாங்கி, மிச்சத்தை மட்டும் சொன்னார். டைரக்டர் ஓகே என்றார்.

எனக்கு ஆத்திரம் தாங்கவில்லை. என் உழைப்பைத் தன் உழைப்பு என்று சொல்லிவிட்டார். போதாதென்று நான் சொல்லிக்கொடுத்ததில் பாதியை விழுங்கியும்விட்டார். எலெக்ட்ரிக் ட்ரெயினில் அவர் வாங்கித் தந்த வேர்க்கடலையைத் தின்றேன்; முகத்தை மட்டும் ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டேன்.

"டீச்சருக்குக் கோவமா?" என்று தாம்பரம் வரும்வரை கேட்டுக்கொண்டு வந்தார்.

அதற்கப்புறம் அவர் இன்னும் ஆறு படங்களில் நடித்தார், எல்லாவற்றிலும் பேண்டு தலைவராகவே. ஒவ்வொரு முறையும் காகிதம் என்னிடம்தான் வரும். "கோடு போட்டது, போடாதது எல்லாத்தியும் படி டீச்சர். ஒண்ணும் வுடாதே." நானும் ஒன்று விடாமல் கம்பீரமாகப் படித்தேன்.

இந்த வருஷம் கல்லூரி நாடகத்தில் எனக்கு ஒரு வேஷம். முதல் ஒத்திகையில் பேராசிரியை எல்லோருக்கும் காகிதம் கொடுத்துவிட்டு, "கோடு போட்டிருக்கிறது பேசறதுக்கு இல்ல, நடிக்கிறதுக்கு" என்றார். காகிதத்தைப் பிடித்தபடி அப்படியே நின்றுவிட்டேன்.

அன்றைக்கு நான் கையைத் தூக்கியபோது மாமா முந்திக்கொள்ளாமல் இருந்திருந்தால், அந்த செட்டின் சிரிப்பு மொத்தமும் என் பக்கம் திரும்பியிருக்கும். மாமா முதல் அடியை விடவில்லை.