நன்னிலத்தில் ஒரு பவளத் தீவு

நன்னிலம் தாண்டி பஸ் பஞ்சராகி நிற்கிறது. சாலையோர டீக்கடைக்குள் போக மூன்று படி இறங்க வேண்டும். இறங்கும்போதே நிலைவாசலில் தலையை இடித்துக்கொள்கிறேன். மதியம் ஒரு பள்ளியில் பவளப்பாறை பற்றிப் பேசப்போகும் அறிஞருக்கு நல்ல சகுனம்.

டீ ஆற்றும் அம்மாவிடம் பேச்சை ஒத்திகை பார்க்கிறேன். கடலுக்குள் இருக்கும் எரிமலையின் விளிம்பில்தான் பவளம் வளையமாக வளர்கிறது என்று முதலில் நம்பினார்கள். பிறகு ஒருவர், எரிமலைத் தீவு மெல்ல அமிழ்கிறது, பவளம் அதற்கு ஈடாக மேலே வளர்கிறது என்றார். நூறு வருஷத்துக்கு மேல் சண்டை. கடைசியில் ஆழமாகத் துளைத்துப் பார்த்தால், பவளத்துக்கு வெகு அடியில், பவளம் உயிர்வாழவே முடியாத ஆழத்தில் எரிமலைப் பாறை. தீவு அமிழ்ந்தது உண்மைதான்.

"இதுக்கா சார் அத்தனை வருஷம்?" என்கிறார். "இங்க பழைய ரோட்டு மேலயே புது ரோடு போடுறாங்க. கடை பள்ளமாயிடுது, நாங்க தரையை ஏத்துறோம். ரெண்டு தடவை ஏத்தியாச்சு. தோண்டுனா அடியில எங்க மாமனார் போட்ட செவப்புத் தரை இருக்கு."

என் குறிப்பில் பாதியை அடிக்கிறேன்.

"பவளம் வளராம நின்னுட்டா?"

"வெளிச்சம் இல்லாம செத்துடும்மா. தீவு இருந்த இடமே தெரியாது."

அவர் மூலையிலிருக்கும் சிமெண்டு மூட்டைகளைப் பார்க்கிறார். "போன மழைக்கே அடுப்புல தண்ணி. ஐப்பசிக்குள்ள ஒரு அடி ஏத்தியாகணும்."

ஹாரன் கேட்கிறது. அவசரமாக எழுந்து ஓடியவன் அதே நிலைவாசலில் மறுபடி இடித்துக்கொள்கிறேன்.

"பாத்து சார்," என்கிறார். "இன்னும் அந்த ஒரு அடியை ஏத்தவே இல்லையே!"