அங்கணத்துக்கு மூடி போட்ட நாள்

அகராதியில் அங்கணம் என்ற சொல்லுக்கு முற்றம் என்றும் சாக்கடை என்றும் பொருள் போட்டிருக்கிறது. இரண்டும் எங்கள் வீட்டுக்குப் பொருந்தும் என்பதால் அகராதிக்காரரோடு எனக்குச் சண்டை இல்லை. ஆனால் மேலே இருக்கிற வானத்தைப் பற்றியும் அவர் ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். வயல்களுக்கு நடுவே இருந்த எங்கள் பழைய ஓட்டு வீட்டில் நான்கு பக்கத்துக் கூரைகளும் நடுவரைக்கும் வந்து, ஒன்றையொன்று தொடாமல் நின்றுவிடும். மிச்சமிருக்கிற சதுரத்தில் வானம் தெரியும். அதற்கு நேர் கீழே, கால் தொங்கப்போட்டு உட்காரும் அளவுக்குப் பள்ளமாக, கருங்கல் பாவிய தரை. அந்த வானமும் இந்தத் தரையும் சேர்ந்ததுதான் எங்களுக்கு அங்கணம்.

அந்தச் சொல் இல்லாமல் எங்கள் வீட்டில் ஒரு நாள் ஓடாது. 'அங்கணத்தில் போடு' என்றால் வெயிலில் காயவை. 'அங்கணத்தில் வை' என்றால் கழுவ வேண்டிய பாத்திரம். 'அங்கணத்தைப் பார்' என்றால் மழை வருமா என்று பார். என் சேட்டை பொறுக்க முடியாமல் போகும்போது அம்மா 'போய் அங்கணத்தில் இரு' என்பாள். அதைத் தண்டனை என்று அவள் நம்பிக்கொண்டிருந்தாள். மழைக்காலத்தில் அந்தத் தண்டனைக்காகவே நான் மெனக்கெட்டுச் சேட்டை செய்தேன்.

அங்கணத்துக்கு ஒரு கெட்ட குணமும் உண்டு. எல்லா அறைகளும் அதைப் பார்த்தே திறந்திருந்ததால், எந்த மூலையில் பேசினாலும் பேச்சு அங்கணத்துக்கு வந்து அங்கிருந்து வீடு முழுக்கப் போய்விடும். அப்பா நெல் அறைக்குள் நின்று முணுமுணுத்தால் அடுக்களையிலிருந்து அம்மா பதில் சொல்லுவாள். எங்கள் வீட்டில் ரகசியம் என்று எதுவும் தங்கியதில்லை.

அத்தைக்கு, அதாவது அப்பாவின் கடைசித் தங்கைக்கு, மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்த காலம் அது. அத்தை நாகர்கோவிலில் ஒரு பள்ளிக்கூடத்தில் கணக்கு டீச்சர். சாயங்காலம் வந்து அங்கணத்து ஓரத்தில் கால் தொங்கப்போட்டு உட்கார்ந்து பரீட்சைத் தாள் திருத்துவாள். அந்த வருஷம் ஆடிச் சாரலில் ஒரு வீட்டார் பெண் பார்க்க வந்தார்கள். கல்யாணத்துக்குப் பிறகு பெண் வேலையை விட்டுவிட வேண்டும் என்றார்கள். அப்பா சரி என்றார். அத்தையை யாரும் கேட்கவில்லை. எல்லாம் முடிந்து எழுந்த மாப்பிள்ளையின் அப்பா, அங்கணத்து ஈரக்கல்லில் வழுக்கி, வேட்டியோடு பள்ளத்துக்குள் உட்கார்ந்துவிட்டார். சகுனம் சரியில்லை என்று சொல்லிச் சம்பந்தம் தட்டிப்போயிற்று. வீட்டில் அன்றைக்குச் சிரித்த ஒரே ஆள் அத்தைதான்.

ஐப்பசியில் அடுத்த இடம் வந்தது. திருவட்டாறு பக்கம். மாப்பிள்ளைக்கு ஒரு கட்டிட ஆபீசில் பிளான் வரைகிற வேலை. அவர்கள் வருவதற்கு முந்தின வாரம் சாப்பிட்டுக்கொண்டிருந்த அப்பாவிடம் அத்தை நேராகச் சொன்னாள்.

"அண்ணா, இந்தத் தடவ நான் அவருகிட்ட ஒரு வார்த்த கேக்கணும். நான் வேலைக்கிப் போறதப் பத்தி."

"நாங்க கேட்டுச் சொல்லுவோம்லாட்டி."

"நீங்க கேக்க மாட்டிய. அவுங்க சொல்லுகதுக்குத் தலைய ஆட்டிட்டு வந்துருவிய."

அம்மாதான் காரியத்தைப் பேசினாள். "கேக்கட்டும், தப்பில்ல. ஆனா எங்க வச்சிக் கேப்பா? இந்த வீட்டுல ஒரு வார்த்த பேசுனா முக்குல கெடக்க பூனைக்கும் கேக்குமே." அப்பா கைகழுவ எழுந்துவிட்டார். அத்தோடு அந்தப் பேச்சு நின்றுபோனது. அத்தை மட்டும் அதை விடவில்லை என்பது அவள் தாள் திருத்தின வேகத்திலேயே தெரிந்தது. அந்த வாரம் பல பிள்ளைகள் தோற்றிருப்பார்கள்.

இந்த நேரத்தில்தான் சித்தப்பா வளைகுடாவிலிருந்து லீவில் வந்தார். ஆடி மாதத்துக் கதையைக் கேட்டதும் குற்றவாளி அங்கணம்தான் என்று தீர்ப்புச் சொல்லிவிட்டார். வீட்டுக்கு நடுவில் இப்படி ஓட்டையைப் போட்டு வைத்திருக்கும் ஜனங்களை அவர் உலகத்தில் எங்கும் பார்த்ததில்லையாம். வடசேரிக்குப் போய்ப் பச்சை நிறத்தில் ஃபைபர் ஷீட்டுகள் வாங்கிவந்தார். வாழைக்கு முட்டுக்கொடுக்க வைத்திருந்த கம்புகளைக் குறுக்கே போட்டு, ஷீட்டுகளைப் பரப்பி, கம்பியால் கட்டி, பெண் பார்க்க வரும் நாளுக்கு முந்தின சாயங்காலம் வானத்தை மூடிவிட்டார். அவருக்குக் கூரை வேலை தெரியும் என்பது உண்மை. ஆனால் அவர் அதைப் படித்தது மழையே பெய்யாத ஊரில். ஷீட்டுகள் பலகை போலச் சமமாகக் கிடந்தன.

மறுநாள் காலையில் வெயில் ஏறியதும் வீடு பச்சையாகிவிட்டது.

சுவர் பச்சை, தரை பச்சை, அப்பா நெற்றியில் திருநீறு பச்சை. காய்ச்சி வைத்த பாலைப் பார்த்து அம்மா கெட்டுப்போய்விட்டது என்று கொட்டப்போனாள். பலகாரத் தட்டில் முந்திரிக்கொத்து பாசிபிடித்த கூழாங்கல் போல இருந்தது. எனக்கு ஒரே கொண்டாட்டம். கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டு, நான் தவளை என்று கத்தியபடி வீட்டைச் சுற்றி ஓடினேன். அத்தை மாம்பழ நிறப் பட்டு கட்டி வெளியே வந்தாள். அம்மா அவளைப் பார்த்ததும் தலையில் கைவைத்துவிட்டாள்.

"மைனி, வேற சேல கெட்டட்டா?" என்றாள் அத்தை.

"சேலைய மாத்தலாம், மூஞ்சிய என்ன செய்ய? பிள்ளைக்கி என்னமோ சீக்குன்னுல்லா நெனப்பாவ!" அம்மா சித்தப்பா பக்கம் திரும்பினாள். "நல்லாருக்கு தம்பி. வீட்டக் குளமாக்கிட்டியளே."

"கண்ணுக்குக் குளிர்ச்சியாக்கும் மைனி. அங்கெல்லாம் இதுதான் பேஷன்."

ஷீட்டைப் பிரித்துவிடலாம் என்று அப்பா சொன்னார். சித்தப்பா கம்பி வெட்டும் குறடைத் தேடினார். அதற்குள் வெயில் மங்கி மேகம் கூடியது. இப்போது பிரித்தால் நனைவோம், பிரிக்காவிட்டால் பச்சையாக இருப்போம் என்று அவர்கள் வழக்காடிக்கொண்டிருந்தபோதே வாசலில் கார் வந்து நின்றுவிட்டது.

மாப்பிள்ளை, அவருடைய அம்மா, தாய்மாமா என்று மூன்று பேர் வந்தார்கள். உள்ளே நுழைந்ததும் மூவரும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஆனால் மரியாதைப்பட்ட மனிதர்கள், எதுவும் சொல்லவில்லை. தாய்மாமா முந்திரிக்கொத்தை எடுத்துக் கொஞ்சநேரம் யோசித்துவிட்டுத் தட்டிலேயே வைத்தார். மாப்பிள்ளையின் அம்மா அத்தையை மேலும் கீழும் பார்த்தார். பிறகு பொறுக்கமாட்டாமல், "மோளே, இஞ்ச வாசப்பக்கமா வந்து கொஞ்சம் நில்லு. பிள்ளைக்க நெறம் ஒண்ணும் விளங்கேல்ல," என்றார். அத்தை அசையவில்லை. அம்மா என் காதில், "அத்தைய விட்டு நவுராத, கூடவே நில்லு" என்று சொல்லிவிட்டு அடுக்களைக்கு ஓடினாள். அன்றைக்கு எனக்குக் கொடுக்கப்பட்ட உத்தியோகம் அது. நான் அத்தையின் முந்தானையைப் பிடித்துக்கொண்டேன்.

அப்போது மழை பிடித்தது. எங்கள் ஊர் ஐப்பசி மழையை ஓட்டில் கேட்டிருக்கிறேன். ஃபைபர் ஷீட்டில் அன்றுதான் கேட்டேன். ஆயிரம் பேர் தகரத்தில் சரளைக்கல்லை அள்ளிக் கொட்டுவதுபோல ஒரு சத்தம். அப்பா என்னவோ கேட்டார். தாய்மாமா காதில் கைவைத்துக்கொண்டு என்னவோ சொன்னார். இரண்டு மூன்று முறை கத்திப் பார்த்துவிட்டுப் பெரியவர்கள் எல்லோரும் முயற்சியைக் கைவிட்டார்கள். ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பதும் தலையாட்டுவதுமாக உட்கார்ந்திருந்தார்கள். அந்தத் தலையாட்டலில் எது எதற்குச் சம்மதம் சொல்லப்பட்டது என்பதில் பின்னால் இரண்டு குடும்பத்துக்கும் கருத்து வேறுபாடு இருந்தது.

மாப்பிள்ளை மட்டும் எழுந்து அங்கணத்து ஓரத்துக்கு வந்து அண்ணாந்து பார்த்தார். கூரையைப் பார்த்தால் சும்மா இருக்க முடியாத தொழில் அவருக்கு. சாயா தம்ளர்களை எடுப்பதுபோல அத்தையும் அங்கே போனாள். முந்தானையோடு நானும் போனேன். வாழ்க்கையில் முதல்முறையாக எங்கள் வீட்டில் இரண்டு பேர் பேசுவது வேறு யாருக்கும் கேட்கவில்லை. நடுவில் நின்ற எனக்கு மட்டும் எல்லாம் கேட்டது, ஏனென்றால் இருவரும் தொண்டை கிழியக் கத்தினார்கள்.

"இது தொறந்து கெடந்ததுதான?" என்று கேட்டார் அவர்.

"நேத்து வர தொறந்துதான் கெடந்து. நீங்க வாரியன்னு மூடுனாவ."

அவர் சிரித்தார். "எங்க ஆபீசுல இதுக்கு ஓ.டி.எஸ்.னு, 'ஓப்பன் டு ஸ்கை'ன்னு, பிளான்ல எழுதுவோம். வீடு கெட்டுகவங்க பாத்ததும் அத அடிச்சிருவாங்க. சும்மா கெடக்க எடம், ஒரு ரூம் போடலாமேம்பாங்க."

"எங்களுக்கு இது அங்கணம். நான் படிச்சது, பேப்பர் திருத்துகது எல்லாம் இங்கதான்." அத்தை தம்ளரை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். "நான் வேலைய விட மாட்டேன். அதக் கேக்கத்தான் வந்தேன். விடச் சொல்லுவியளா?"

"எதுக்கு விடணும்? திருவட்டாத்துலேருந்து நாரோயிலுக்குப் பஸ் ஓடுகதே ஆளு போகத்தான?"

அத்தை அங்கணத்துக் கல்லைக் குனிந்து பார்த்தாள். அப்புறம், "உங்க வீட்டுல அங்கணம் உண்டுமா?" என்று கேட்டாள்.

"இல்ல, காங்கிரீட் வீடு. ஆனா பொறத்த எடம் கெடக்கு, ஒண்ணு போட்டிரலாம். எவ்வளவு பெருசா வேணும்? நீங்களே சொல்லுங்க."

அத்தை அவரையே பார்த்தாள். அந்தப் பச்சை வெளிச்சத்திலும் அவள் முகம் மாறியது எனக்குத் தெரிந்தது. மாப்பிள்ளை மறுபடி அண்ணாந்தார். ஷீட் நடுவில் மாட்டு வயிறு போலத் தொங்கிக்கொண்டிருந்தது. "வெள்ளம் கெட்டி நிக்குது, சரிவே இல்ல. கொஞ்சம் பின்னால வாங்க!" என்று கத்தினார். அத்தைக்கு அது காதிலேயே விழவில்லை. அவளுக்குச் சொல்ல வேண்டியது ஒன்று இருந்தது, அதை மழையை மிஞ்சிச் சொல்ல வேண்டும் என்று முழு மூச்சையும் இழுத்துக்கொண்டாள்.

வாழைக்கம்பு முறிந்தது. ஷீட்டுகள் மொத்தமாக ஒருபக்கம் சரிந்து தொங்க, தேங்கிய தண்ணீரெல்லாம் ஒரே வீச்சில் எங்கள் மூவர் மேலும் கொட்டி அங்கணத்தில் இறங்கியது. காதைச் செவிடாக்கிய சத்தம் அந்த நொடியில் நின்றுவிட்டது. மழை பழையபடி கல்தரையில் மெதுவாகப் பெய்தது. வெள்ளை வெளிச்சம் வீட்டுக்குள் வந்தது. அந்த அமைதியில் அத்தையின் குரல் மட்டும் நெல் அறை, அடுக்களை, பின்கட்டு என்று வீடு முழுக்கப் போய்ச் சேர்ந்தது.

"அப்ப எனக்குச் சம்மதம்!"

சித்தப்பா குறடும் கையுமாக அப்படியே நின்றார். அப்பா தலையைக் குனிந்துகொண்டார். பெண் இப்படிக் கூவிச் சம்மதம் சொன்ன வீடு நாஞ்சில் நாட்டிலேயே எங்களுடையதாகத்தான் இருக்கும். தலையிலிருந்து தண்ணீர் ஒழுக, கையில் சாயா தம்ளரோடு அத்தை நின்றாள். பட்டு மாம்பழ நிறத்துக்குத் திரும்பியிருந்தது. முதலில் சிரித்தது மாப்பிள்ளையின் அம்மா.

"இப்பளாக்கும் பிள்ளைக்க முகம் நேர தெரியுது," என்றார். "அவளே சொல்லியாச்சில்லா, இனி நமக்கு என்ன பேச்சு? தல தொவட்ட ஒரு தோர்த்து எடுங்க, பிள்ளைக நனையுது."

பிறகு எல்லோரும் ஒரே நேரத்தில் பேசினார்கள். தாய்மாமா முந்திரிக்கொத்தை எடுத்துத் தின்றார். இன்னும் ஒன்று கேட்டு வாங்கித் தின்றார். சித்தப்பா, ஷீட் இல்லாவிட்டால் இந்தச் சம்பந்தமே நடந்திருக்காது என்று அன்று மத்தியானமே சொல்லத் தொடங்கிவிட்டார். அதை யாராலும் மறுக்க முடியவில்லை. நான் நனைந்த கோழியாக அடுக்களைக்கு ஓடினேன். அம்மா என் தலையைத் துவட்டிக்கொண்டே, என்னதான் பேசினார்கள் என்று கேட்டாள். கேட்டதையெல்லாம் ஒன்றுவிடாமல் ஒப்பித்தேன். பஸ் ஓடுவதைச் சொன்னேன். அவர் வீட்டில் அங்கணம் போட்டுத் தரப்போவதைச் சொன்னேன். எவ்வளவு பெரிதாக வேண்டும், நீங்களே சொல்லுங்கள் என்று அவர் கேட்டதையும் சொன்னேன்.

துவட்டிக்கொண்டிருந்த கை நின்றது. "அப்பிடியா கேட்டாரு?" என்றாள் அம்மா. "அவகிட்டயா?"

எனக்கு எரிச்சலாக வந்தது. அத்தை போய்விடப் போகிறாள் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. இதற்காகவா போக வேண்டும்? "நம்ம வீட்டுலயே அங்கணம் இருக்குல்லாம்மா? எம்புட்டுப் பெருசு! அதுக்காக எதுக்கு அங்க போணும்?" என்று காலை உதைத்து அழுதேன்.

அம்மா என்னைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். அவள் சிரித்தாள், கண்ணும் நிறைந்திருந்தது. இடுப்பில் தூக்கிச் சுமக்கிற வயதை நான் எப்போதோ தாண்டியிருந்தேன், அதனால் அழுகையை மறந்து அதிலேயே குளிர்ந்துபோனேன். எங்கள் வீட்டில் அத்தையிடமோ அம்மாவிடமோ, உனக்கு எவ்வளவு வேண்டும், நீயே சொல் என்று அதுவரை யாருமே கேட்டதில்லை என்பது அன்றைக்கு எனக்குத் தெரியாது.