காலை எட்டு மணிக்குச் சொன்ன குட் நைட்

எங்கள் குடும்பத் திருமணங்களில், பந்தி முடிந்து வெற்றிலை போடும் வேளையில், என்னைப் பற்றிய கதையொன்று தவறாமல் சொல்லப்படுகிறது. சொல்லுபவர் மாறமாறக் கதை வளர்கிறது. ஒருவர் கூற்றில் நான் காய்ச்சல் வேகத்தில் பிதற்றினேன்; மற்றொருவர் கூற்றில் கள்ளுண்டு தள்ளாடினேன். சென்ற ஆவணியில் நடந்த மணவிழாவில், நான் ஒரு வெள்ளைக்காரத் துரையிடம் அவ்வாறு சொல்லிக் கன்னத்தில் அறை வாங்கியதாகவும் ஓர் இளைஞர் விரித்துரைத்தார். பிழைபட்ட பாடமே நிலைத்துவிடுமுன் மூலபாடத்தை எழுதிவைப்பது கடமை எனத் துணிந்தேன். கள்ளும் உண்ணவில்லை, அறையும் வாங்கவில்லை. ஒருநாள் காலை எட்டு மணிக்கு, நிறைந்த அறிவோடு, பழங்காநத்தத்தில் ஒரு வீட்டு முற்றத்தில் நின்று, ‘குட் நைட்’ என்று மும்முறை சொன்னேன் என்பது மட்டும் மெய். இக்கட்டுரை முழுவதும் அச்சொல்லை ஒலிபெயர்த்தே எழுதுகிறேன். மொழிபெயர்த்தால் நேரும் இடர் பின்னர் விளங்கும்.

ஆங்கிலேயர் உறங்கப் போகுமுன் இச்சொல்லைச் சொல்லி ஒருவரையொருவர் பிரிவர் என்பர். நமக்கு அத்தகைய வழக்கம் இல்லை. நம் வீடுகளில் உறங்குமுன் கேட்கும் சொற்கள், “கொல்லைக் கதவைச் சாத்தியாச்சா?”, “பாலுக்கு உறை ஊத்துனியா?”, “பூனை உள்ள கெடக்கா பாரு” என்பனவே. இவற்றுள் எதனை விடைபெறும் மொழியாகக் கொள்ளலாம் என்று நான் ஆராய்ந்ததுண்டு. அன்பு எல்லாவற்றிலும் இருக்கிறது. பூனையைப் பற்றியதில் மட்டும் சற்றுக் குறைவு.

ஆனால் பகலில் பிரிவதற்கு நம்மிடம் உறுதியான இலக்கணம் உண்டு. போகிறவர் போவதாகச் சொல்லலாகாது. “வாரேன்” என்றே சொல்ல வேண்டும். பெண் பார்க்க வந்தவர்களுக்கோ இவ்விலக்கணம் இன்னும் இறுக்கமானது. எழும்போது “போயிட்டு வாரோம்” என்றால் ஏறத்தாழச் சம்மதம். “போயிக் கடுதாசி போடுறோம்” என்றால் கடிதம் வராது. அப்படிப்பட்ட கடிதம் ஒன்றை எந்த அஞ்சல்காரரும் சுமந்ததாக நான் கேட்டதில்லை. ஆகையால் பெண்ணைப் பெற்றவர்கள், வந்தவர் உண்டதையும் சிரித்ததையும் கணக்கில் கொள்ளாமல், வாசற்படியில் அவர் சொல்லும் கடைசிச் சொல்லுக்காகவே மூச்சடக்கி நிற்பர்.

இரண்டாம் உலகப்போருக்குச் சில ஆண்டுகள் முன்பு, வடக்கு மாசி வீதியை ஒட்டிய சந்தில், என் தந்தையாரும் அவ்வாறு மூச்சடக்கி நின்றார். அவர் பத்திரம் எழுதுபவர். தாயார் முன்னரே காலமாகிவிட்டதால், தந்தையாரின் தமக்கையாகிய அத்தை எங்கள் இல்லத்தை ஆண்டுவந்தார். ‘நடத்தினார்’ என எழுதினால் பொருள் போதாது. நான் வித்துவான் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தேன். பிறமொழிச் சொல் எதனையும் நாவால் தீண்டுவதில்லை என்று தோழர் இருவரோடு சேர்ந்து உறுதி பூண்டிருந்தேன். அவ்வுறுதியை அத்தை நாள்தோறும் காலையில் சோதித்தார்.

“என்ன வேணும் மருமகனே?”

“கொட்டை வடிநீர்.”

“அப்படி ஒண்ணு நம்ம அடுப்பங்கரையில இல்லையே. காப்பின்னு வாயத் தொறந்து கேளு, தாரேன்.”

நான் கேட்கவில்லை. பதினொரு திங்கள் நீராகாரம் குடித்தேன்.

என் தங்கைக்கு அப்போது இரண்டு இடங்களிலிருந்து பேச்சு வந்திருந்தது. திருமங்கலத்து நிலக்கிழார் ஒருவர், மனைவியை இழந்தவர், நாற்பதைக் கடந்தும் மீசையில் தளராதவர். வியாழக்கிழமைக்குள் விடை வேண்டும் என்று ஆள் அனுப்பியிருந்தார். மற்றவர் பழங்காநத்தத்து இளைஞர். வெள்ளைக்காரத் துரை ஒருவரின் அலுவலகத்தில் தட்டச்சர். தந்தையாரின் கொள்கை எளியது. பழங்காநத்தம் உறுதியானால் பழங்காநத்தம், இல்லையேல் திருமங்கலம். தங்கையின் கொள்கை அதனினும் எளியது. “அந்த மீசைக்கு வாக்கப்படுறதுக்கு நான் கெணத்துக்கு வாக்கப்படுவேன்” என்று அத்தையிடம் சொல்லியிருந்தாள். அவள் வெறும் பேச்சுப் பேசுகிறவள் அல்லள் என்பதனால், அத்தை அன்றிலிருந்து தாமே நீர் இறைத்தார்.

திங்கட்கிழமை மாலை பழங்காநத்தத்தார் வந்தனர். தட்டச்சர் நல்ல பிள்ளையாகத் தலைகுனிந்து கேசரி உண்டார். தங்கை வந்து வணங்கியபோது நிமிர்ந்தவர் மறுபடி குனிய மறந்தார். விளக்கேற்றும் நேரம் ஆயிற்று. அவருடைய தந்தையார் எழுந்து, தமக்கிருந்த முற்போக்கை ஊரறியச் செய்ய விரும்பியவராய், “இந்தக் காலத்துப் பிள்ளைக. நான் எதுக்கு நடுவுல? முடிவ அவனே சொல்லட்டும்” என்று கூறிவிட்டு, குதிரைவண்டியைத் தேடித் தெருவில் இறங்கிப் போய்விட்டார்.

படியில் தட்டச்சர் தனித்து நின்றார். எதிரே என் தந்தையார், அத்தை, நான். உள்ளே சன்னல் கம்பிக்குப் பின்னால் தங்கை. தட்டச்சர் வியர்த்தார். கைகூப்பினார். நாள்தோறும் மாலையில் துரையிடம் விடைபெறும்போது சொல்லிப் பழகிய சொல், அச்சத்தில் அவர் நாவிலிருந்து தானே உதிர்ந்தது.

“குட் நைட்!”

சொல்லிவிட்டு நின்றார். நாங்களும் நின்றோம். அவர் எங்கள் முகங்களை வரிசையாகப் பார்த்துவிட்டு, முகம் கறுத்து, இறங்கிச் சென்றார்.

தந்தையார் என்னை நோக்கித் திரும்பினார். “படிச்சவன்ல நீயி? என்னடா சொல்லிட்டுப் போறாக?”

“நல்ல இரவு என்பது சொற்பொருள்.”

“யாருக்கு நல்ல ராத்திரி? நமக்கா, அவுகளுக்கா? எழுதிக் கொடுக்குறவன் யாரு, எழுதி வாங்குறவன் யாருன்னு இல்லாம ஒரு பத்திரம் செல்லுமா?”

“வாரேன்னும் சொல்லல, கடுதாசின்னும் சொல்லல” என்றார் அத்தை. “கேசரி மட்டும் ரெண்டு தடவ வாங்கித் திண்டாக.”

மறுநாள் தந்தையார் அடுத்த தெருவில் வாழ்ந்த புகைவண்டிக் காவலரிடம், அதாவது ஊரார் மொழியில் கார்டிடம், என்னையும் அழைத்துக்கொண்டு சென்றார். இச்சொல்லை வெள்ளைக்காரரிடம் கேட்டும் சொல்லியும் பழகியவர் அவரே.

“இதுக்கா இம்புட்டு யோசனை, அண்ணே?” என்றார் கார்டு. “சாயங்கால வண்டி எடுக்கும்போது ஸ்டேஷன் துரைக்கு நான் குட் நைட்டு சொல்லுவேன். அவரு திருப்பிச் சொல்லுவாரு. ஒடனே பச்சைக் கொடி காட்டுவேன், வண்டி போயிக்கிட்டே இருக்கும். மாப்ள பச்சைக் கொடி காட்டிட்டாருண்ணே!”

தந்தையார் வீடு திரும்பும் வழியெல்லாம் சிரித்த முகமாய் வந்தார். அத்தை அச்சிரிப்பை வாசலிலேயே நிறுத்தினார். “கொடி காட்டுனது சரி. வண்டி எந்தப் பக்கம் போச்சு? நம்ம வீட்ட விட்டுல போச்சு!”

புதன்கிழமை என்னை மட்டும் தெற்கு மாசி வீதிக்கு அனுப்பினார்கள். அங்கே ஓர் இசுலாமிய வணிகர் துணிக்கடை வைத்திருந்தார். துரைமார் மாளிகைகளுக்குத் துணி மூட்டை கொண்டுபோய் விற்றவர். நான் கேட்டதும் அவர் முகம் வாடிற்று.

“அல்லாவே! குட் நைட்டுன்னா சொன்னாக? தம்பி, துரைசானி அதச் சொன்னா யாவாரம் முடிஞ்சுதுன்னு அர்த்தம். அதுக்கு மேல நின்னா நாய அவுத்து விடுவாக.”

என் நெஞ்சில் திருமங்கலத்து மீசை படர்ந்தது. எழுந்தேன். அவர் முழக்கோலைக் கீழே வைத்துவிட்டு, “இருங்க தம்பி. அவுக சொன்னாகளே, நீங்க என்ன சொன்னீக?” என்றார்.

“ஒன்றும் சொல்லவில்லை.”

“ஒண்ணுமே சொல்லலையா? அதச் சொன்னா திருப்பிச் சொல்லணும் தம்பி. ஒருக்கா நான் மூட்டையக் கட்டுற அவசரத்துல சொல்லாம வந்துட்டேன். என்னடா இவன், மரியாத தெரியாதவன்னு, மூணு மாசம் கேட்டுக்குள்ளயே விடல. சலாம் போட்டா பதில் சலாம் போட வேணாமா? மாப்பிள்ளப் புள்ள பதிலுக்குக் காத்துக்கிட்டு நின்னுருக்கும், பாவம்.”

அப்போதுதான் படியில் அவர் நின்றதும், எங்கள் முகங்களை வரிசையாகப் பார்த்ததும் எனக்கு விளங்கின. நாங்கள் அவர் சொல்லுக்குப் பொருள் தேடிக்கொண்டிருந்த மூன்று நாளும், அவர் எங்கள் வாய்மூடலுக்குப் பொருள் கண்டுபிடித்து முடித்திருப்பார்.

வீட்டில் இதைச் சொன்னதும் ஆய்வு மாறியது. யார் போய்ப் பதில் சொல்வது? பெண்ணைப் பெற்றவர் வலியச் செல்வது இழுக்கு. அத்தை செல்வதாயின் பழங்காநத்தத்துக்கே இழுக்கு. முறைப்படி செல்லத்தக்கவன் மைத்துனனாகிய நானே.

“மாலையில் செல்கிறேன்” என்றேன்.

“நாளைக்குச் சாயங்காலம் திருமங்கலத்து ஆளு வந்து ஒக்காந்துருவான். காலம்பறயே போ” என்றார் தந்தையார்.

“காலையில் அதனைச் சொல்வது வழுவன்றோ?”

இத்தனை நாளும் சன்னலுக்குப் பின்னாலேயே இருந்த தங்கை வெளியே வந்தாள். “ஏண்ணே, வாங்குனதத் திருப்பிக் குடுக்குறதுக்கு நேரங்காலம் பாப்பாகளா? திங்கக்கெழமச் சாயங்காலம் வாங்குனது. வெயாழக்கெழமக் காலையில குடு. கிளி மாதிரிச் சொல்லிட்டு வா, போதும்.”

“அது பிறமொழிச் சொல்லாயிற்றே, அம்மா.”

அவள் திரும்பிக் கிணற்றடியைப் பார்த்தாள். அவ்வளவே.

வியாழக்கிழமை விடியலில் தெற்கு நோக்கி நடந்தேன். அந்நாளில் நகரைத் தாண்டினால் பழங்காநத்தம் வரை வயல்கள்தாம். வரப்பில் நடந்தபடியே, உறுதியும் கெடாமல் தங்கையும் கெடாமல் இருக்க ஒரு வழி கண்டேன். அச்சொல்லைத் தமிழாக்கி வழங்கிவிடுவது. ‘இவ்விரவு இனிதாகுக.’ ஓசை நன்றாகவே இருந்தது. நாற்று நட்டுக்கொண்டிருந்த பெண்கள் காதில் விழுமாறு நாலைந்து முறை சொல்லிப் பார்த்தேன். அவர்கள் வேலையை நிறுத்திக் கதிரவனை ஒருமுறை, என்னை ஒருமுறை பார்த்தார்கள். நான் அதனை எச்சரிக்கையாகக் கொண்டிருக்க வேண்டும்.

தட்டச்சர் வீட்டு முற்றத்தில் அவருடைய தந்தையார் நாவிதர் முன் அமர்ந்திருந்தார். ஒரு கன்னம் மழித்தும் மறு கன்னம் நுரையோடும் இருந்தது. என்னைக் கண்டதும் மழித்த கன்னம் மட்டும் இறுகியது.

“என்ன தம்பி, இம்புட்டுத் தூரம்?”

“தங்கள் திருமகனார் அன்று மாலை மொழிந்ததற்கு மறுமொழி பகர வந்துள்ளேன்” என்று கைகூப்பினேன். “இவ்விரவு இனிதாகுக.”

நாவிதர் கத்தியை விலக்கிக்கொண்டார்.

“ராவா?” என்றார் பெரியவர். “பொழுது பொலபொலன்னு விடிஞ்சு எட்டு மணியாகுது. எங்கள இருட்டுல கெடங்கன்னு சொல்லியனுப்புனாரா உங்கப்பா?”

எத்துணை அழகிய தொடராயினும் கேட்பவர்க்கு வசையாகிவிட்டால் அதனால் பயன் என்ன? உள்ளே தட்டச்சர் இட்டிலியைப் பிய்த்துக்கொண்டிருந்தவர், கையைத் தட்டிலேயே வைத்தபடி எட்டிப் பார்த்தார். அவர் கண்களின் கீழ் மூன்று நாளின் கருமை இருந்தது. கண்ணை மூடிக்கொண்டேன்.

“குட் நைட்” என்றேன்.

பெரியவருக்குக் கேட்கவில்லையோ என்று, உள்ளே பார்த்து இரண்டாம் முறை, அத்தைக்குக் கேட்கும் அளவுக்கு உரக்க, “குட் நைட்!” என்றேன்.

“எனக்கும் ஒண்ணு சொல்லுங்க தம்பி” என்றார் நாவிதர். அவருக்கும் சொன்னேன்.

தட்டச்சர் சட்டினிக் கையோடு முற்றத்துக்கே ஓடி வந்துவிட்டார். “குட் நைட்! குட் நைட் மச்சான்!” என்று என் கையைப் பற்றிக் குலுக்கினார். உறவு முறையையும் அவரே முடிவு செய்துவிட்டதை நான் கவனிக்கத் தவறவில்லை. என் வெண்மேலாடையில் சட்டினி தோய்ந்தது.

“அப்பாடா!” என்று அடுக்களையிலிருந்து அவருடைய அன்னையாரின் குரல் வந்தது. “மூணு நாளா இவனுக்குச் சோறு எறங்கல. பொண்ணு வீட்டுல பதிலே சொல்லல, நம்மளப் பிடிக்கல போலன்னு ஒரே பொலம்பல்.”

“பிடிக்காமலா? திருமங்கலத்தையே தள்ளிவிடக் காத்திருக்கிறோம்” என்றேன்.

பெரியவர் நிமிர்ந்தார். போட்டி இருக்கிறது என்றறிந்ததும் அவருடைய முற்போக்கு ஒரு நொடியில் முறைமைக்குத் திரும்பியது. “இனிமே இவன நம்புனா வெளங்காது. நானே சொல்றேன்” என்று நுரைக் கன்னத்தோடு எழுந்து நின்று, தம் வீட்டு முற்றத்திலேயே, எங்கும் கிளம்பாமல், என்னை நோக்கிக் கைகூப்பி, “நாங்க போயிட்டு வாரோம்” என்றார்.

“போயிட்டு வாங்க” என்றேன் நான். அவர் அமர்ந்தார். நாவிதர் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார்.

தையில் திருமணம் நிகழ்ந்தது. அதன்பின் தட்டச்சர் எங்கள் வீட்டிலிருந்து புறப்படும் போதெல்லாம், எந்த ஐயத்துக்கும் இடம் வையாமல், “வாரேன், வாரேன், வாரேன்” என்று மூன்று முறை சொல்லியே படியிறங்குவார். அத்தை ஒவ்வொன்றுக்கும் தனித்தனியே “சரி” என்பார்.

நிகழ்ந்தது இவ்வளவே. ஆயினும் என் ஒருவன் நினைவையே மூலமாகக் கொண்ட பாடம் இது. கிணற்றடியைத் தான் பார்க்கவேயில்லை, அம்மியைத்தான் பார்த்தேன் என்று தங்கை இன்றும் மறுக்கிறாள். மாப்பிள்ளையோ அன்று கேசரி ஒரு முறைதான் வாங்கியதாகச் சாதிக்கிறார். கார்டு உரைத்த பொருளும் வணிகர் உரைத்த பொருளும் ஆங்கிலேயர் வழக்கில் எந்த அளவு பொருந்தும் என்பதும் நான் அறியேன். பழங்காநத்தத்தில் அன்று அந்த முற்றத்தருகே இருந்தவர்களோ, பெண் பார்க்கப் போய்ப் படியில் வாய் குழறியவர்களோ இதனைப் படிக்க நேர்ந்தால், பிழை கண்டவிடத்துத் தயங்காது எனக்குத் தெரிவிக்க வேண்டுகிறேன். திருத்தம் எந்த மொழியில் வந்தாலும், உடனே மறுமொழி எழுதுவேன்.