பாராட்டுப் பத்திரத்தில் இல்லாத பெயர்

சின்னம்மாவை நினைத்தால் முதலில் அவர் கையில் இருக்கும் நாடாதான் தெரிகிறது, தறியில் ஊடுநூலை இழுத்துக்கொண்டு குறுக்கே ஓடும் மரக்கட்டை. சூலூர்ப் பக்கத்து விசைத்தறிகளில் ஷிப்ட் மாறும்போது, இறங்குகிறவர் நாடாவை ஏறுகிறவர் கையிலேயே கொடுத்துவிட்டுப் போவது வழக்கம். தொண்ணூறுகளின் நடுவில் ஒரு கோயில் நோம்பிக்கு மைக் செட் கட்டுவதில் எங்கள் கிழக்குத் தெருவுக்கும் மேற்குத் தெருவுக்கும் கைகலப்பாகி, இரண்டு பேருக்கு மண்டை உடைந்தது. அதன்பின் நாடா கை மாறவில்லை. இறங்குகிறவர் அதைத் தறிமேல் வீசிவிட்டுப் போவார். ஏறுகிறவர் அதைத் தொட மாட்டார். தறி சும்மா நிற்கும்.

அங்கே நாடாவுக்குள் வைக்கும் தார்க்குச்சியில் நூல் சுற்றிக்கொண்டிருந்த சின்னம்மா, என் அம்மாவின் தங்கை, யாரும் சொல்லாமலே எழுந்து போய் நடுவில் நின்றார். கல்லூரி பஸ்ஸுக்குப் போகும் வழியில் காலை நேரங்களில் பார்த்திருக்கிறேன். ஒருவரிடம் நாடாவை வாங்கி மற்றவரிடம் நீட்டுவார், கூடவே ஒரு சேதியும். "ஏனுங்க, மூணாந்தறியில நூலு அந்து அந்து போவுதாமாங்க. பாத்து ஓட்டச் சொன்னாருங்க." இறங்கிப் போனவர் அப்படி எதுவுமே சொல்லியிருக்க மாட்டார். இரண்டு மாதம் கழித்து மேற்குத் தெருக்காரர் ஒருவர், "நெசமா அவன் சொன்னானா அம்மணி, இல்ல நீயா கதை உடறயா?" என்றார். "அதா போறாரு, நீங்களே கேட்டுப்போடுங்க" என்றார் சின்னம்மா. அவர் கேட்டேவிட்டார். சொல்லவே இல்லை என்று தெரிந்ததும் இருவரும் சிரித்துவிட்டார்கள்.

அந்த வருடக் கடைசியில் ஊர்ச் சங்கம் ஒன்று தறி முதலாளிக்குச் சமாதான விருது கொடுத்தது. இரண்டு தெருவையும் கூட்டி அவர் ஒருமுறை பேசினார், அது பொய்யில்லை. பாராட்டுப் பத்திரம் எழுத, எங்கள் குடும்பத்தில் முதலில் படித்தவன் என்று என்னைக் கூப்பிட்டார்கள். எனக்குத் தலைகால் புரியவில்லை. எழுத விஷயம் போதாமல், 'பகைத்த கரங்களுக்கு நடுவே நின்று நாடாவைக் கை மாற்றியவர்' என்று முதலாளியைப் பற்றி எழுதிவிட்டேன். மேடையில் அதை வாசித்தபோதுதான், கடைசி வரிசையில் கைதட்டிக்கொண்டிருந்த சின்னம்மாவைப் பார்த்தேன்.

மறுநாள் சின்னம்மாவிடம், சங்கத்துக்குப் போய்த் திருத்தச் சொல்கிறேன் என்றேன்.

"உட்டுப்போடு கண்ணு. எம் பேரைப் போட்டா, அவ கெழக்குத் தெருக்காரியாச்சேன்னு ஒரு பேச்சு வரும். அப்பறம் நான் நீட்டுனா எவன் வாங்குவான்?" பிறகு சொன்னார்: "நல்லாத்தான் எழுதியிருந்தே. நான் நின்ன மாதிரியே இருந்துச்சு."

உலக அளவில் சமாதானப் பரிசு அறிவிக்கும்போதெல்லாம், செய்தித்தாளில் கைகுலுக்கும் தலைவர்களின் படத்தை நெடுநேரம் பார்க்கிறேன். அவர்கள் தகுதியற்றவர்கள் என்று சொல்ல எனக்கு அறிவு போதாது. ஆனால் அவர்களுடைய பத்திரத்தையும் என்னைப் போல் யாரோ ஒருவன்தானே எழுதியிருப்பான்.

சின்னம்மா இறந்து மூன்று வருடமாகிறது. அன்று அவர் வேண்டாம் என்றது, வேண்டாம் என்பதால்தானா? இல்லை, நான் குன்றிப் போய்விடக் கூடாது என்பதாலா? இன்னொரு தடவை வற்புறுத்தியிருந்தால் தெரிந்திருக்கும். நான் வற்புறுத்தவில்லை.