வெட்டிய பாதி

ஆலைக் குடியிருப்பு தீப்பிடித்த அன்று எடுத்த படம் அது. புகைக்கு நடுவே ஒற்றைச் செருப்போடு ஓடிவரும் சிறுமியையும், படத்தின் ஓரத்தில் அவளைப் பிடித்திருக்கும் ஒரு கையையும் பார்க்காத ஆளே ஊரில் இல்லை. அந்தச் சிறுமி இன்று பேரன் பேத்தி எடுத்துவிட்ட தையல்கடைக்காரி.

பேர்பெற்ற படங்களின் கதைகளைப் புத்தகமாக்கும் பெண் ஒருத்தி அவளைத் தேடிக் கடைக்கு வந்தாள்.

“அது யாரோட கைம்மா?”

“எங்க அக்காவோடது. என்னை ரோட்டுல விட்டுட்டு, தம்பியத் தூக்கிட்டு வர்றேன்னு திரும்ப உள்ள ஓடினா. ரெண்டு பேரும் வரல. வீட்டுல இருந்த போட்டோவெல்லாம் எரிஞ்சுபோச்சு. அவ முகமே எனக்கு மறந்துபோச்சு தாயி.”

வந்தவள் தயங்கித் தயங்கிப் பையிலிருந்து ஒரு பெரிய படத்தை எடுத்தாள். “பேப்பர்ல பாதிய வெட்டிட்டுத்தான் போட்டாங்கம்மா. இதுதான் முழுசு.”

தையல்கடைக்காரி கண்ணாடியைத் துடைத்து மாட்டிக்கொண்டு பார்த்தாள். இத்தனை காலமும் மனதுக்குள் பெரிய மனுஷியாக இருந்த அக்கா, அவளுடைய பேத்தியைவிடச் சின்னப் பெண்ணாக இருந்தாள். கழுத்தைத் திருப்பி, எரிகிற வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

“என் கையப் பிடிச்சுக்கிட்டு ஓடும்போதே முடிவு பண்ணிட்டா, பாரு,” என்றாள்.

புத்தகம் முழுப் படத்தோடு வந்தது. அந்தப் பக்கத்தை மட்டும் தையல்கடைக்காரி பிரிப்பதே இல்லை.