வெளியே தாழிட்ட வீடு

நெய்வேலி குடியிருப்பில் ஒரு குவார்ட்டர்ஸைப் பார்த்தவர் அந்தத் தெரு முழுவதையும் பார்த்தவராவார். அதே சுவர், அதே கதவு, வாசலில் அதே பூவரசு. மாமா அந்தப் படத்தைக் காட்டும்வரை இந்த ஒழுங்கில் எனக்கு ஒரு குறையும் தெரிந்ததில்லை.

மாமா அம்மாவின் தம்பி, கல்லூரி மாணவர். நான்காம் வகுப்புச் சிறுமிக்கு எதைக் காட்டக் கூடாதோ அதையே தேர்ந்து சிடியில் கொண்டுவருவார். முன்பு ஒருமுறை கொண்டுவந்த படத்தில், ஒன்றுபோலவே இருக்கும் அறைகளுக்குள் சிலர் சிக்கி, ஒவ்வொருவராகச் செத்துப்போனார்கள். இம்முறை வந்த படத்தில் அதே ஆட்கள் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். நான் துள்ளிக் குதித்தேன்.

"பொழச்சுட்டாங்களா மாமா?"

"எங்க பொழச்சாங்க? இது முன்கதைடி. சாகறதுக்கு முன்னாடி நடந்தது."

அவர்கள் எப்படிச் சிக்கினார்கள் என்பதுதான் கதை. உள்ளிருந்து ஒருவர் கதவைத் தட்டுவார்; வெளியே அவ்வழியாகப் போகிறவர் மனமிரங்கித் திறப்பார்; தட்டியவர் ஓடிவிடுவார், திறந்தவர் உள்ளே மாட்டிக்கொள்வார். மாமா அன்று மாலையே பண்ருட்டி பஸ்ஸில் ஏறிவிட்டார். பயத்தை மட்டும் என்னிடம் விட்டுச் சென்றார்.

மறுநாள் காலை அப்பா முதல் ஷிப்டுக்குப் போயிருந்தார். அம்மா முன்கதவை வெறுமனே சாத்திவிட்டுப் பால் வாங்கப் போயிருந்தாள். கொல்லையில் பல் துலக்கிவிட்டு வந்த நான், முன்னறையில் ஒரு மனிதரைக் கண்டேன். காக்கிச் சட்டை, மடியில் ஹெல்மெட், ஷூவைக்கூடக் கழற்றாமல் எங்கள் நாற்காலியில் கண்மூடி உட்கார்ந்திருந்தார். வந்த வழியே வெளியேறிப் பின்கதவை வெளிப்புறம் தாழிட்டேன். சுற்றி ஓடி முன்கதவையும் தாழிட்டேன்.

தாழ்ப்பாள் ஓசையில் விழித்திருக்க வேண்டும். உள்ளிருந்து தட்டினார்.

"கண்ணு, கதவத் தொற கண்ணு. வூடு மாறி வந்துட்டனாட்ட இருக்குது."

பேச்சு கோயம்புத்தூர்ப் பக்கத்துப் பேச்சு. படத்தில் யாரும் அப்படிப் பேசவில்லை என்பது சற்று ஆறுதலாக இருந்தது.

"தொறந்தா நான் உள்ள மாட்டிக்குவேன்."

"அப்பிடிங்களா? அப்ப ரெண்டு பேருமா உக்காந்து பேசிட்டிருக்கலாம்."

"நீங்க ஓடிருவீங்க!"

சன்னல் வழியே என்னைப் பார்த்தார். கண்கள் தூக்கமின்றிச் சிவந்திருந்தன. "நைட் ஷிப்ட் முடிச்சு வர்றவன் எங்க கண்ணு ஓடறது? சரி, தொறக்காட்டிப் போகுது. குடிக்கத் தண்ணி எங்கிருக்குதுன்னாச்சும் சொல்லு."

அதற்கு மேல் என்னால் தாங்க முடியவில்லை. தாகத்தோடு கேட்பவரைப் பூட்டிவைக்கப் படம் எனக்குக் கற்றுத்தரவில்லை. இனி அம்மாவைப் பார்க்க முடியாது என்று முடிவுகட்டிக்கொண்டு, ஒரு காலை மட்டும் படிக்கு வெளியே அழுத்தி ஊன்றி, தாழை நீக்கினேன்.

ஒன்றும் நடக்கவில்லை. அவர் ஓடவும் இல்லை. பால் பாக்கெட்டுகளோடு வந்த அம்மா, செய்தியைக் கேட்டுச் சுவரில் சாய்ந்து சிரித்தாள்.

"குவார்ட்டர்ஸுக்குப் புதுசாண்ணே? இவ அப்பா வந்த புதுசுல பின் தெருவுல ஒரு வீட்டுல போய் உக்காந்துக்கிட்டு, அந்த வீட்டு அம்மாகிட்ட 'காப்பி எங்கடி'ன்னு கேட்டாரு. காப்பியும் குடுத்து அனுப்புனாங்க."

வழிதவறி வந்தவருக்குக் காப்பி கொடுத்து அனுப்புவது அங்கே எழுதாத விதி. அம்மாவும் கொடுத்தாள். அவர் வீடு அடுத்த தெருவில் இருந்தது.

"வீட்ல தேடுவாங்களேண்ணே?"

"யாருங்க இருக்கறாங்க தேட? பாப்பாவுக்குப் பரீட்சை முடிஞ்சாத்தானுங்க அம்மாளும் புள்ளையும் ஊர்ல இருந்து வருவாங்க. இவளாட்டந்தான், நாலாவது."

காப்பி முடிந்தும் அவர் எழவில்லை. அம்மா அடுப்படியில் தோசை வார்க்கும் ஓசையைக் கேட்டபடி இருந்தார். என் பள்ளிப் பையைத் தூக்கிப் பார்த்து, "இத்தன கனமா?" என்றார். வாசலுக்கு வந்தபிறகு ஷூ கயிற்றை அவிழ்த்து மறுபடியும் கட்டினார். கதவு அகலத் திறந்தே இருந்தது. நானே இரண்டு முறை அதைச் சுட்டிக்காட்டினேன்.

மாலையில் பள்ளியிலிருந்து வந்ததும் அப்பாவிடம் எல்லாவற்றையும் ஒப்பித்தேன். கடைசியில் என் தீர்ப்பையும் சொன்னேன்:

"அவருக்குத் தப்பிச்சுப் போகவே தெரியலப்பா."

அப்பா சிரிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவரோ அடுப்படியில் இருந்த அம்மாவிடம் திரும்பி, "பாவம், எந்தத் தெருன்னு சொன்னாரு?" என்று மட்டும் கேட்டார்.